எட்டு வீட்டுக்கான காற்று

என் நாட்குறிப்பில் 2021 மே மாதத்து இரண்டாவது வியாழக்கிழமைக்கான பக்கம் இப்படித் தொடங்குகிறது: “காலை 9.10. சிலிண்டர் முள் கால்வாசிக்குச் சற்றுக் கீழே. மாலை நான்கு வரை தாங்கும் என்கிறார் டாக்டர். வண்டி 9.30க்கு.”

ஆக்சிஜன் சிலிண்டர் என் தங்கைக்காக வைத்தது. பெங்களூரு பிரேசர் டவுனில், அவள் வீட்டு முன்னறையில், மூக்கில் குழாயோடு படுத்திருந்தாள். எந்த ஆஸ்பத்திரியிலும் படுக்கை கிடைக்கவில்லை. நான்கு மணிக்குள் அடுத்த சிலிண்டர் மாடி ஏறியாக வேண்டும். அன்றைக்கு எங்களுக்கு இருந்த கவலை அது ஒன்றுதான்.

வண்டியில் வந்தவர்கள் இருவர். வாணியம்பாடிப் பக்கத்திலிருந்து வந்து நீலசந்திராவில் குடியிருப்பவர்கள். ஓட்டுநருக்கு நாற்பது தாண்டியிருக்கும். மற்றவர் அவருடைய மைத்துனர், மனைவியின் தம்பி. குட்டியானை என்று எல்லோரும் சொல்கிற சின்னச் சரக்கு வண்டி அது. கல்யாண மண்டபங்களுக்கு நாற்காலி ஏற்றிப் பிழைத்தது. ஊரடங்கில் கல்யாணங்கள் நின்றுபோக, தவணை கட்ட முடியவில்லை. வண்டியைத் தூக்கிப்போக ஆட்கள் ஒருமுறை வந்து மிரட்டிவிட்டுப் போயிருந்தார்கள். ஆக்சிஜன் ஏற்றினால் வழக்கமானதைவிடப் பல மடங்கு வாடகை. அப்படியும் ஆள் வரவில்லை. சிலிண்டர் வெடிக்கும் என்ற பயம் ஒரு பக்கம், நோயாளி வீட்டுக்குள் தூக்கிப் போகவேண்டுமே என்ற பயம் இன்னொரு பக்கம். இவர்கள் இரண்டுக்கும் ஒப்புக்கொண்டார்கள்.

ஒப்புக்கொண்ட நாளிலிருந்து வீட்டுக்குப் போகாமல் வண்டியிலேயே படுத்தார்கள். ஓட்டுநரின் மனைவி தெருமுனையில் தூக்குச்சட்டியை வைத்துவிட்டு, ஒரு வார்த்தை பேசாமல் திரும்பிவிடுவாராம். கோபமா என்று ஓட்டுநரிடம் கேட்டேன்.

“கோவம் இல்ல சார். வாயத் தொறந்தா போவாதன்னு வந்துடும். அதான்.”

வாயு நிரப்பும் ஆலை ஒசகோட்டைக்கு அந்தப் பக்கம். உறவினர் ஒருவர் டாக்டர் சீட்டோடும் ஆதாரோடும் நேரில் வந்தால்தான் நிரப்புவோம் என்று முதல் நாள்தான் சொல்லியிருந்தார்கள். எங்களுடையதும் சேர்த்து, இந்த வண்டியை நம்பியிருந்த எட்டு வீடுகளின் சீட்டுகளையும் வாங்கிக்கொண்டு நான் ஏறினேன். மைத்துனர் எனக்கு ஜன்னலோர இடத்தைக் கொடுத்துவிட்டு, “குந்துங்க சார், காத்து வரும். எங்க வண்டியில அது ஒண்ணுதான் ஓசி,” என்றார்.

வரிசையில் நிற்கும்போது ஆலைக்காரர் ஒருவர் ஒவ்வொருவரிடமும் கன்னடத்தில் ஒரு விஷயத்தைச் சொல்லிக்கொண்டே போனார். வால்வின் மேல் எண்ணெயோ கிரீஸோ துளியும் படக்கூடாது, பட்டால் ஆக்சிஜனோடு சேர்ந்து தீப்பிடிக்கும், வெடிக்கும். நான் அதை நேரம் போட்டு எழுதிக்கொண்டேன். ஓட்டுநரும் மைத்துனரும் அப்போது வண்டியின் பின்னால் கயிறு கட்டிக்கொண்டிருந்தார்கள். அவர்களிடம் சொல்லவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. எழுதினால் வேலை முடிந்தது என்று நினைத்துவிடுகிற பழக்கம் எனக்கு உண்டு.

திரும்பும்போது மணி ஒன்று ஐம்பது. கே.ஆர்.புரம் வருவதற்கு முன் ஒரு பள்ளத்தில் வண்டி குதித்தது. அடுத்த நொடி பின்னாலிருந்து சீறும் சத்தம். ஓட்டுநர் ஓரங்கட்டினார். எட்டில் ஒன்று கசிந்துகொண்டிருந்தது. மைத்துனர் மேலே ஏறி, ஆலையில் கொடுத்த சாவியை வால்வில் போட்டுத் திருகினார். அசையவில்லை. வண்டிக்காரர்களுக்கு இறுகின திருகு எதுவானாலும் மருந்து ஒன்றுதான். இருக்கைக்கு அடியிலிருந்து கிரீஸ் டப்பாவை எடுத்து, விரலில் வழித்துவிட்டார்.

நான் கத்தினேன். ஆலைக்காரர் சொன்னதை அப்போதுதான் சொன்னேன். அவர் விரலை அப்படியே காற்றில் நிறுத்திக்கொண்டு என்னைப் பார்த்த பார்வையை இன்னும் மறக்கவில்லை. “இத முன்னாடியே சொல்றதுக்கின்னா சார்?” என்றார் மெதுவாக. 

கையைத் துடைக்கட்டும் என்று பையிலிருந்த சானிடைசரை அவசரமாக நீட்டினேன். ஓட்டுநர் என் கையைத் தட்டிவிட்டார். “அது ஸ்பிரிட்டு சார், பத்திக்கும். உள்ள வைங்க.” அன்று இப்படி ஆளுக்கு ஒருமுறை மற்றவரைக் காப்பாற்றினோம்.

சீறல் நிற்கவில்லை. மைத்துனர் மேலிருந்து குனிந்தார். “மாமா, இந்த ஒண்ண மட்டும் எறக்கி ஓரமா வெச்சுட்டுப் போயிடலாம். மீதி ஏழு போவட்டும்.”

ஓட்டுநர் அண்ணாந்து பார்த்தார். “எந்த ஊட்டோடத எறக்குவ? நீயே சொல்லு.”

மைத்துனர் கீழே இறங்கினார்.  சிலிண்டர்களில் பெயரோ எண்ணோ எழுதியிருக்கவில்லை. எல்லாம் எல்லோருடையவையுமாக இருந்தன.

கடைகள் அடைத்திருந்தன. ஓட்டுநர் எதிரே இருந்த வீட்டு கேட் அருகே போய்க் கன்னடத்தில் சோப்பும் தண்ணீரும் கேட்டார். ஓர் அம்மாள் எட்டிப்பார்த்தார், வண்டியில் இருப்பதைப் பார்த்தார், ஒன்றும் கேட்காமல் வாளியையும் புதுச் சோப்பையும் வெளியே வைத்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார். ஓட்டுநர் முழங்கை வரை மூன்றுமுறை தேய்த்துக் கழுவினார். சாவியையும் கழுவினார். தோளில் இருந்த துண்டில் எண்ணெய் இருக்கும் என்று அதைத் தொடாமல், கைகளைத் தூக்கியபடி காற்றில் காயவிட்டார். எங்கள் இருவரையும் தூரப் போகச் சொல்லிவிட்டுத் தனியாக ஏறினார்.

நாங்கள் சுமார் முப்பதடி தள்ளி நின்றோம். மைத்துனர் தன் கிரீஸ் விரலை இன்னொரு கையால் பிடித்துக்கொண்டிருந்தார். இரண்டு தடவை சாவி வழுக்கியது. மூன்றாவது தடவை சத்தம் மெலிந்து, நின்றது. ஓட்டுநர் கீழே இறங்கி வாளியைக் கவிழ்த்துவைத்து, சோப்பை அதன்மேல் வைத்தார். பிறகுதான் உட்கார்ந்தார்.

பிரேசர் டவுனை அடைந்தபோது மணி 3.20. இருவரும் சிலிண்டரைத் தோளில் ஏற்றி இரண்டு மாடி கொண்டுபோனார்கள். மாட்டியதும் முள் முழுதாக ஏறி நின்றது. வாசலில் நின்றபடியே ஓட்டுநர் தங்கையிடம், “ஒண்ணும் ஆவாது, நல்லா மூச்சு உடும்மா,” என்றார். அவள் கையை மட்டும் அசைத்தாள். பத்தொன்பது நாள் கழித்து எழுந்து தானே காபி போட்டுக் குடித்தாள். இப்போதும் இருக்கிறாள். அந்த இருவரையும் நினைக்காமல் இந்த வாக்கியத்தை எழுத என்னால் முடியாது.

எங்களுக்குக் கிடைத்தது முழுச் சிலிண்டர் என்றால், கசிந்து பாதி காலியானது மற்ற ஏழு வீடுகளில் ஒன்றுக்குத்தான் போயிருக்கும். பக்கத்தில் உட்கார்ந்து வந்தவன் என்பதால் எனக்கு நல்லதாகப் பார்த்து எடுத்தாரோ? பின்னர் ஓட்டுநரிடம் கேட்டேன். “எல்லா ஊட்டுக்கும் போயிடுச்சு சார்,” என்றார், அதற்கு மேல் இல்லை. கசிந்த சிலிண்டரை ஜோகுபாளையத்தில் கடைசி வீட்டில் கொடுத்து, விஷயத்தையும் சொல்லி, அன்று மாலையே வாடகை வாங்காமல், அந்த வீட்டாரில் ஒருவரை ஏற்றிக்கொண்டு மறுபடி ஒசகோட்டை போய் இன்னொன்று கொண்டுவந்து இறக்கினார் என்று மைத்துனர் சொன்னார். நான் நம்புகிறேன். ஆனால் அந்த வீடு எது என்று எனக்குத் தெரியாது, ஆலையின் பதிவேட்டை நான் பார்த்ததில்லை, ஓட்டுநர் அதை ஒப்புக்கொள்ளவும் இல்லை, மறுக்கவும் இல்லை. இரண்டாவது பயணம் இதுவரை உறுதிசெய்யப்படவில்லை.