விளக்கேற்றாத தீவு: மாமாவோடு போர்ன்ஹோல்முக்கு

மே மாதம் நான்காம் திகதி மாலையானால் டென்மார்க்கில் வீட்டு யன்னல்களில் மெழுகுதிரி எரியும். 1945இல் அதே மாலை, ஜெர்மன்காரர் சரணடைந்துவிட்டார்கள் என்று வானொலி சொன்னதும், ஐந்து வருடமாக இருட்டடிப்பில் கிடந்த சனம் கறுப்புத் திரைகளைக் கழற்றி எறிந்துவிட்டு வெளிச்சம் வைத்ததாம். நான் கலியாணம் செய்து கொப்பன்ஹேகனுக்குப் பக்கத்திலுள்ள புரொண்பிக்கு வந்த முதல் வருடம் இதைப் பார்த்துவிட்டு, இங்கேயும் கார்த்திகை விளக்கீடு மாதிரி ஒன்று இருக்கிறது என்று பூரித்துப்போனேன். ஊரிலிருந்து கொண்டுவந்த மண் சிட்டி விளக்குகளை யன்னலில் வரிசையாக ஏற்றினேன். இருபத்திரண்டு வருடமாக அந்தப் பழக்கம் தொடர்கிறது. அந்த மாலைகளில் மட்டும் மாமா, அதாவது என் கணவர் சுதனின் அப்பா, தன் அறைக் கதவைச் சாத்திக்கொள்வார். எண்ணெய்ப் புகை ஒத்துக்கொள்ளவில்லை என்றே நாங்கள் நினைத்திருந்தோம்.

இந்த வருடம் அந்த நாள் ஞாயிறில் வந்தது. வயதானவர்களை வீடு வீடாகப் போய்ப் பராமரிக்கிற என் வேலையில் லீவு குதிரைக்கொம்பு. திங்களும் செவ்வாயும் சேர்ந்து கிடைத்ததும் போர்ன்ஹோல்ம் என்று முடிவு செய்தேன். மாமாவுக்கு எண்பத்தாறு வயது, காருக்குள் ஏற்றுவதற்கே கெஞ்சவேண்டும். இந்தமுறை, "தீவு எண்டால் வாறன்" என்று உடனே சொல்லிவிட்டார். அவர் பிறந்ததும் தீவில்தான். அவருடைய தகப்பன், அவர் அப்பு என்று சொல்பவர், யாழ்ப்பாணக் கடலோரத்துக் காரைநகரிலிருந்து அந்தமானுக்குப் போய், போர்ட் பிளேயர் ஆஸ்பத்திரியில் கம்பவுண்டராக இருந்தவர். இரண்டாம் உலக யுத்த காலத்தில் காய்ச்சலில் செத்துப்போனார், பிறகு தாயும் மகனும் ஊருக்குத் திரும்பினார்கள். எங்களுக்குத் தெரிந்த கதை அவ்வளவுதான்.

போர்ன்ஹோல்ம் டென்மார்க்குக்குச் சொந்தமான தீவு, ஆனால் வழி சுவீடனுக்குள்ளால். காலை ஏழரைக்குப் புறப்பட்டு, சுவீடனுக்குப் போகிற கடற்பாலத்தைக் கடந்து, ஈஸ்டாட் துறைமுகத்துக்கு ஒன்றேகால் மணித்தியால ஓட்டம். பாலத்துக்கு ஒரு வழிக்கே ஐந்நூறு குரோனருக்குக் கிட்டப் போகிறது, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கட்டுங்கள். காரும் மூன்று பேரும் கப்பலில் போய்வர 1,198 குரோனர். ஒரு மணி இருபது நிமிடத்தில் ரென்னே நகரில் இறக்கிவிடுவார்கள். மத்தியானம் புகைபோட்ட ஹெரிங் மீன் சாப்பிட்டோம், தட்டு ஒன்று 110 குரோனர். "கருவாட்டுக்கு அண்ணன் முறை" என்று மாமா சான்றிதழ் கொடுத்தார். அவ்வளவு உற்சாகமாக அவரை நான் பார்த்ததேயில்லை.

நாங்கள் எடுத்த வீடு தீவின் மறுகரையில், நெக்சோவில். ரென்னேயிலிருந்து முப்பது கிலோமீட்டர். இரண்டு இரவுக்கு 1,900 குரோனர். சின்ன மரவீடு. வீட்டுச் சொந்தக்காரி ஈங்கர் என்கிற எண்பத்தைந்து வயது அம்மா, பக்கத்து வீட்டிலேயே இருக்கிறார். வீட்டுத் திறப்பைத் தந்துவிட்டு, மாலையில் ருபார்ப் கேக் கொண்டுவருவதாகச் சொன்னார்.

வந்த இடத்திலும் குறை வைக்கக்கூடாது என்று ஐந்து சிட்டி விளக்குகளைப் பையில் கொண்டுபோயிருந்தேன். இருட்டத் தொடங்கியதும் முன் யன்னலில் ஏற்றிவைத்தேன். கேக்கோடு வந்த ஈங்கர் படலையடியிலேயே நின்றுவிட்டார். கோபமா, பயமா, முகத்தைப் பார்த்து எனக்கு விளங்கவில்லை. உள்ளே வந்து உட்கார்ந்து, தன் குடும்பத்தில் இந்த நாளில் விளக்கு வைப்பதில்லை என்று மெதுவாகச் சொன்னார்.

அவர் சொல்லச் சொல்ல நான் மாமாவுக்குத் தமிழில் சொன்னேன். 1945 மே நான்காம் திகதி ஈங்கரின் தாயும் யன்னலில் மெழுகுதிரி வைத்தவர்தான். ஆனால் இந்தத் தீவிலிருந்த ஜெர்மன் தளபதி ரஷ்யர்களிடம் சரணடைய மறுத்துவிட்டான். ஏழாம் திகதி பகல் விமானங்கள் வந்தன. விடுதலை வந்துவிட்டது என்று தாய் ஐந்து வயது ஈங்கரைத் தூக்கி வாசலில் நின்று கை காட்ட வைத்தாராம். அவை ரஷ்ய விமானங்கள். குண்டு போட்டன. மறுநாளும் போட்டன. கொப்பன்ஹேகன் ஆடிப்பாடிக்கொண்டிருந்தபோது நெக்சோவும் ரென்னேயும் எரிந்தன. ஈங்கரின் வீடு போனது. நாங்கள் இருந்த மரவீடு அதற்குப் பதிலாகச் சுவீடன் அனுப்பியது. வந்திறங்கிய ரஷ்யர்கள் அடுத்த வருடம் ஏப்ரலில்தான் திரும்பிப் போனார்கள்.

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. இத்தனை வருடம் இந்த நாட்டில் இருக்கிறேன், இது தெரியாது.

மாமா கேக் தட்டைத் தள்ளி வைத்தார். தனக்குத் தெரிந்த கொஞ்ச டேனிஷில், "உங்கள் அப்பா?" என்று அவரே நேராகக் கேட்டார். அப்பா மீன்பிடிக்கப் போயிருந்தார், திரும்பி வந்துவிட்டார் என்றார் ஈங்கர்.

"என்ர அப்பு வரேல்லை," என்றார் மாமா. "சொல்லு பிள்ளை அவவுக்கு."

நான் சொன்னேன். காய்ச்சல் கதைதான் வரப்போகிறது என்று நினைத்துக்கொண்டுதான் சொன்னேன்.

"இஞ்ச விளக்கு வைச்ச நேரம் எங்கட தீவில யப்பான்காரன் இருந்தவன். சனத்துக்குச் சாப்பாடில்லை. மரவள்ளிக்கிழங்கும் முடிஞ்சுது. சண்டை முடியிறதுக்குக் கொஞ்ச நாளைக்கு முன்னம், வேலைக்கு உதவாத ஆக்களெல்லாரையும் பிடிச்சவங்கள். அப்புவுக்குக் கால் வீங்கியிருந்தது, அவரையும் பிடிச்சவங்கள். வேற தீவில இறக்கிவிடுறம், தோட்டம் செய்து பிழையுங்கோ எண்டு சொன்னவங்கள். அம்மா நம்பினவ. அங்க போடச் சொல்லி பயித்தங்காய் விதையைச் சீலைத்துண்டில முடிஞ்சு தந்தவ. நான்தான் ஓடிப்போய் அப்புவின்ர கையில குடுத்தனான்."

வசனத்துக்கு வசனம் டேனிஷில் சொன்னேன். அவர் 'நான்' என்ற இடத்தில் நானும் 'நான்' என்றேன். வேலையில் தமிழ் முதியவர்களுக்காக மொழிபெயர்த்துப் பழகிய வாய், தானாகவே பேசியது.

"கரை தெரியிற தூரத்தில கடலுக்க குதிக்கச் சொன்னவங்கள். குதிக்காத ஆக்களைத் தள்ளினவங்கள். தப்பி வந்த ஒராள் பிறகு எங்கட வீட்டை வந்து அம்மாவுக்குச் சொன்னவர்."

'தள்ளினவங்கள்' என்பதற்கு டேனிஷில் என்ன என்று எனக்கு நன்றாகத் தெரியும், ஆனால் சொல்ல முடியவில்லை. குசினி வாசலில் தேத்தண்ணித் தட்டோடு சுதன் நின்றார்.

"காய்ச்சல் எண்டல்லோ சொன்னனீங்கள் அப்பா?"

"உங்களுக்கு வேற என்னத்தைச் சொல்லுறது?"

ஈங்கர் காத்திருந்தார். அந்தச் சொல்லைச் சொன்னேன். அவர் வாயைப் பொத்திக்கொண்டார். நூற்றுக்கணக்கான மனிதர்களை, தோட்டம் செய்யலாம் என்று ஏமாற்றி, கையில் விதையோடு கடலில் தள்ளியிருக்கிறார்கள். அதைச் சுமந்துகொண்டு இந்த மனிதர் இருபத்திரண்டு வருடம் எங்கள் மேசையில் இருந்து சோறு சாப்பிட்டிருக்கிறார்.

மாமா இன்னும் முடிக்கவில்லை. "அம்மா அந்தாள் சொன்னதை நம்பேல்லை. காரைநகரான், நீந்திக் கரையேறியிருப்பார் எண்டு சாகுமட்டும் பொட்டோட இருந்தவ. நாள் தெரியாட்டி ஆடி அமாவாசைக்குச் செய்யலாம் எண்டு ஐயர் சொன்னவர்தான். அம்மா பொட்டோட இருக்க நான் எப்பிடி அப்புவுக்கு எள்ளுத்தண்ணி இறைக்கிறது? அவ போன பிறகும் கை வரேல்லை. செய்தால் நான்தான் அப்புவைச் சாக்காட்டினது மாதிரி."

தகப்பன் இல்லாதவர்கள் எல்லோரும் விரதம் பிடிக்கிற ஆடி அமாவாசையில் மாமா மட்டும் கோயில் பக்கமே வரமாட்டார். அவருக்குப் பக்தி குறைவு என்று நான் பலரிடம் பகிடியாகச் சொல்லியிருக்கிறேன்.

விளக்குகளை அணைக்க எழும்பினேன்.

"எல்லாத்தையும் நூராதை, பிள்ளை. ஒண்டை விடு."

ஈங்கருக்கு அதை மொழிபெயர்க்கத் தேவை இருக்கவில்லை. அவரே எழும்பிப்போய் நான்கை ஊதி அணைத்து, மிச்சம் ஒன்றை யன்னலின் நடுவுக்கு நகர்த்தி வைத்தார். அது தானாக அணையும்வரை வீட்டுக்குப் போகவில்லை.

அடுத்த நாள் எட்டரைக்கு எழும்பிப் பார்த்தால் மாமாவைக் காணவில்லை. கடற்கரைக்கு ஓடப்போன சுதன்தான் கண்டார்: ஈங்கரின் மரக்கறிப் பாத்தியில், ஈங்கரின் ரப்பர் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு மாமா குந்தியிருந்தார். பக்கத்தில் டேனிஷ் போஞ்சி விதைப் பைக்கற். இருவரும் எந்த மொழியில் கதைத்தார்களோ தெரியாது.

"பயித்தை இல்லையாம், போஞ்சிதான் இருக்காம்," என்றார் மாமா. "பரவாயில்லை. அம்மா தீவில போடத்தானே தந்தவ. இதுவும் தீவுதானே."

ஒரு வரிசை முழுவதையும் அவரே ஊன்றினார். சுதன் தண்ணீர் ஊற்றினார்.

போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தை. வழி சுவீடனுக்குள்ளால் என்பதால் எல்லோருடைய பாஸ்போட்டையும், வதிவிட அட்டை இருந்தால் அதையும் எடுத்துக்கொள்ளுங்கள். பஸ்ஸை நம்பவேண்டாம், கார் வேண்டும். கப்பலில் காற்றடித்தால் ஆட்டும், வயதானவர்களை நடுப்பகுதியில் இருத்துங்கள். ஜூலையில் போவதென்றால் மாதக்கணக்கில் முன்னமே பதியுங்கள், கடைசி நேரத்தில் விலை இரட்டிப்பாகிறது. இந்த மாதம் திரும்பவும் போக நாங்கள் அப்படித்தான் கட்டினோம். மே நான்கில் போனால், விளக்கு ஏற்ற முன் வீட்டுக்காரரை ஒரு வார்த்தை கேளுங்கள். யுத்தம் முடிந்த நாள் எல்லோருக்கும் ஒன்றில்லை என்பதை நான் நாற்பத்தெட்டு வயதில்தான் படித்தேன். உங்கள் வீட்டிலும் யாராவது ஒரு நாளில் கதவைச் சாத்திக்கொண்டால், புகையென்று நினைத்துப் பேசாமல் இருந்துவிடாதீர்கள்.

நேற்று ஈங்கர் தொலைபேசியில் படம் அனுப்பியிருந்தார். கொடி அவருடைய தோளுக்கு வந்துவிட்டது, காய் தொங்குகிறது. வருகிற வியாழக்கிழமை ஆடி அமாவாசை. எள்ளை மாமா தானே கடைக்கு வந்து வாங்கினார். நெக்சோக் கடலில் தண்ணீர் இறைத்துவிட்டு, அந்தப் போஞ்சியைப் பிடுங்கிக் கறி வைத்து அப்புவுக்குப் படைக்கப்போகிறாராம்.

"எண்பது வருசம் பிந்தின கறி," என்றார். "உப்பைச் சரியாப் போடு, பிள்ளை."