எந்தக் கினி?

யோகராணி பயந்த சுபாவம் உள்ளவள் இல்லை. பனியில் வழுக்கி விழுந்து ஒரு கை முறிந்தபோது மற்றக் கையைக் காட்டி பஸ்ஸை மறித்து வேலைக்குப் போனவள் என்று ஒஸ்லோவின் புறநகரான பியோர்ண்டாலில் இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பார்கள். அப்படிப்பட்டவள் 2009ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில் தொலைபேசி அடித்தால் நடுங்கினாள். அடிக்காவிட்டால் அதைவிட நடுங்கினாள்.

காரணம் தம்பி கஜரூபன். தாய் தகப்பன் போன பிறகு அவளுக்கென்று மிஞ்சிய ஒரே ஒரு சகோதரம். வன்னியில் சண்டை முடிய முகாமுக்குள் போய், முகாமிலிருந்து ஒருமாதிரிக் கொழும்புக்கு வந்தவனை ஏஜென்சிக்காரன் ஒருவன் ஐரோப்பாவுக்கு ஏற்றுவதாகச் சொல்லிக் கூட்டிக்கொண்டு போனான். இந்த ஏஜென்சிக்காரருக்கு உலகப்படம் என்றால் சீட்டுக்கட்டு மாதிரி. எதை இழுத்துப் போடுவார்கள் என்று யாருக்கும் தெரியாது. கஜரூபனுக்கு விழுந்தது ஆபிரிக்கா. துபாய்க்குப் போய், அங்கிருந்து செனகலின் டக்காருக்குப் பறந்து, பிறகு வான் வண்டி ஒன்றில் தார்ப்பாய்க்குக் கீழே கிடந்து, கடைசியில் ஒரு வீட்டில் வேறு நாலைந்து பெடியங்களோடு பூட்டப்பட்டான். "எந்த நாடு?" என்று கேட்டதற்கு "கினி" என்ற ஒரு சொல்தான் பதிலாக வந்ததாம். அதற்குப் பிறகு ஏஜென்சிக்காரன் தொலைபேசியை எடுப்பதில்லை.

பெடியங்களில் ஒருவன் கைத்தொலைபேசி ஒன்றை ஒளித்து வைத்திருந்தான். அதிலிருந்து கஜரூபன் எப்போதாவது அக்காவுக்கு எடுப்பான். அவன் எடுக்கிற இலக்கம் இவளின் திரையில் விழாது. இரண்டு வசனம் கதைப்பதற்குள் அறுந்துவிடும்.

செப்டெம்பர் முடிகிற நேரம் தொலைக்காட்சிச் செய்தியில் அந்தப் பெயர் வந்தது. கினி. ஒரு விளையாட்டு மைதானத்தில் கூட்டம் கூடிய சனத்தை இராணுவம் சுட்டுத் தள்ளியிருந்தது. புழுதிக்குள் தனித்தனியாகக் கிடந்த செருப்புகளைக் காட்டினார்கள். யோகராணி கையிலிருந்த கோப்பையைக் கீழே வைத்தாள்.

மகளின் பள்ளிக்கூட அட்லஸை விரித்தாள். அங்கேதான் பயம் இரண்டு மடங்கானது. ஆபிரிக்காவில் கினி ஒன்றில்லை, மூன்று. வெறும் கினி, அதன் தோளோடு ஒட்டிக்கொண்டு கினி-பிஸாவ், கீழே தூரத்தில் எக்குவற்றோறியல் கினி. எங்கள் ஊரில் மூன்று கந்தையா இருந்தால் பட்டப்பெயர் வைத்தாவது பிரித்துவிடுவார்கள். ஒரே கரையைப் பிரெஞ்சுக்காரனும் போர்த்துக்கீசனும் ஸ்பானியனும் பங்கு போட்டவர்கள், பெயரை மட்டும் பங்கு போடாமல் ஆளுக்கொன்றாய்க் கொண்டுபோய்விட்டார்கள். அந்தக் கஞ்சத்தனத்துக்கு இப்போது பியோர்ண்டாலில் ஒருத்தி நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"சுட்டது பெரிய கினியிலை. இவன் எதுக்குள்ளை நிக்கிறானோ தெரியாது. நீர் வீணா யோசிக்காதையும்," என்றார் சிவானந்தன். அவளின் கணவர், பஸ் ஓட்டுபவர், எதையும் பதறாமல் சொல்லுகிற மனிதர். அன்றைக்கு அவருடைய குரலும் சரியாக இல்லை.

அடுத்த நாள் பின்னேரம் கஜரூபன் எடுத்தான். குரல் காய்ச்சலில் உலர்ந்து போயிருந்தது.

"வெடிச்சத்தம் கேக்குதே தம்பி?"

"எனக்கு எப்பவும் கேக்குது, அக்கா."

வன்னியிலிருந்து வந்தவனின் காதை எப்படி நம்புவது?

"அக்கா, இஞ்சை ஆக்கள் தமிழ் கதைக்கினம்," என்றான் திடீரென்று. "சாப்பாடு கொண்டுவாற மனிசி கதிரை எண்டுது. சப்பாத்து எண்டுது. யன்னல் எண்டுது. கண்ணை மூடினா அம்மா கதைக்கிறமாதிரிக் கிடக்கு."

தொலைபேசி அறுந்தது.

"காய்ச்சல் மண்டைக்கு ஏறிப்போட்டுது," என்றார் சிவானந்தன் மெதுவாக. ஊரில் மூளைக்காய்ச்சலில் செத்தவர்களை அவள் கண்டிருக்கிறாள். கடைசியில் அவர்கள் எல்லோரும் தாயோடுதான் கதைத்தார்கள்.

மறுநாள் முதியோர் இல்லத்தில் வேலை. ஒரு நோர்வேஜியக் கிழவியைக் கட்டிலில் இருந்து எழுப்பி நாற்காலியில் இருத்தும்போது, யோசனையில், "கதிரையிலை இருங்கோ" என்று தமிழில் சொல்லிவிட்டாள். சொன்ன வாய் அப்படியே நின்றது. கதிரை என்ற சொல்லை நோர்வேயில் அவளுக்கு முன்னாலேயே ஒருத்தி சொல்லியிருக்கிறாள்.

அது தெரேசா, அங்கோலாக்காரி. யோகராணி ஒஸ்லோவுக்கு வந்த புதிதில் ஹோட்டல் ஒன்றில் அறை துப்புரவாக்கியபோது சோடியாக வேலை செய்தவள். இருவருக்கும் அப்போது நோர்வேஜிய மொழி அரைகுறை. ஒருநாள் தெரேசா குளித்துத் துடைத்த ஈரத் துணியைத் தூக்கி "தொவாலியா" என்றாள். "துவாய்" என்றாள் யோகராணி. அன்றைக்கு அறை முழுக்கத் தொட்டுத் தொட்டுச் சொல்லிப் பார்த்தார்கள். கதெய்ரா, கதிரை. ஜனேலா, யன்னல். காலில் கிடந்த சப்பாத்து, சப்பாத்துத்தான். யாழ்ப்பாணத்தைப் பிடித்த அதே போர்த்துக்கீசன்தான் அங்கோலாவையும் பிடித்தவன். கோட்டைகள் கைமாறிப் போய்விட்டன, அவன் தளபாடத்துக்கு வைத்த பெயர்களை மட்டும் எங்கள் வீடுகளில் யாரும் திருப்பிக் கொடுக்கவில்லை.

தம்பிக்கு மூளை கலங்கவில்லை. அவன் போர்த்துக்கீசக் கினியில் நிற்கிறான்.

வேலை உடுப்போடேயே தெரேசாவுக்கு எடுத்தாள். தெரேசா கேட்டுவிட்டுச் சொன்னாள்: "கதெய்ரா, ஜனேலா என்றால் பிஸாவ்தான். பிரெஞ்சுக்காரரும் ஸ்பானியரும் இரண்டுக்கும் வேறு சொல் வைத்திருக்கிறார்கள்." தேவாலயத்தின் வழியாகத் தெரேசாவுக்குத் தெரிந்த கன்னியாஸ்திரிகளின் மடம் ஒன்று பிஸாவ் நகரில் இருந்தது. அவர்கள் போய்ப் பார்ப்பார்கள். ஆனால் எந்தத் தெரு, எந்த வீடு? பூட்டிய வீட்டுக்குள் கிடப்பவனுக்கு அது எப்படித் தெரியும்?

தெரிந்தவள் ஒருத்திதான் இருந்தாள். சாப்பாடு கொண்டுவருகிற மனிசி.

அந்த மனிசி ஏஜென்சிக்காரனின் ஆள் என்றால் ஒளித்து வைத்திருக்கும் தொலைபேசியும் போய்விடும். அதற்குப் பிறகு கஜரூபனை எந்தக் கினியிலும் தேட முடியாது. இரண்டு நாள் தெரேசா வேலை முடிந்து நேரே பியோர்ண்டாலுக்கு வந்து அவளோடு தொலைபேசிக்குப் பக்கத்தில் இருந்தாள். இரண்டு பேரும் தேத்தண்ணியை ஆறவிட்டுக்கொண்டிருந்தார்கள்.

மூன்றாம் நாள் பின்னேரம் அடித்தது.

"தம்பி, அந்த மனிசி எங்கை?"

"அங்காலை கோப்பை கழுவுது."

"போனை அவவிட்டைக் குடு."

"அக்கா, உங்களுக்கென்ன விசரே? இதைக் கண்டா எங்களைக் கொல்லுவாங்கள்."

தெரேசா அவளின் முகத்தைப் பார்த்தாள். வேண்டாம், விட்டுவிடு என்று சொல்லத்தான் யோகராணியின் உடம்பு முழுக்கக் கெஞ்சியது.

"குடு தம்பி. நான் சொல்லுறன்."

தண்ணீர் ஓடுகிற சத்தம் கேட்டது. பிறகு அது நின்றது. தெரேசா தொலைபேசியை வாங்கி மெதுவாக, குழந்தைக்குச் சொல்லுவதுபோல, கதைத்தாள். மறுபக்கத்தில் மூச்சுச் சத்தம் மட்டும். தெரேசா திரும்பவும் கதைத்தாள். மறுபக்கம் ஒரு பெண்குரல் தாழ்ந்து, அவசரமாக ஏதோ சொல்லியது. அறுந்தது.

"என்னவாம்?"

"ஒரு சந்தையின் பெயர் சொன்னாள். ஒரு மாமரம் சொன்னாள். தனக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள் என்றாள்."

"அதுக்கு என்ன அர்த்தம்? உதவி செய்வாவோ, மாட்டாவோ?"

"தெரியாது," என்றாள் தெரேசா. "எனக்கும் தெரியாது." சந்தையையும் மாமரத்தையும் மடத்துக்குச் சொன்னாள். வேறு செய்ய ஒன்றும் இருக்கவில்லை.

அன்று யோகராணி சமைக்கவில்லை. தம்பியை நான்தான் பிடித்துக் கொடுத்துவிட்டேன் என்ற நினைப்பு அவளை விடவில்லை. "நானெல்லோ குடுக்கச் சொன்னனான்" என்று கணவரிடம் திரும்பத் திரும்பச் சொன்னாள்.

அடுத்த நாள் மத்தியானத்துக்குப் பிறகு தொலைபேசி அடித்தபோது அவள் கணவரைப் பார்த்தாள். "நீங்கள் எடுங்கோ," என்றாள். சிவானந்தன் எடுத்தார், கேட்டார், அவளிடம் நீட்டினார்.

"அக்கா, நான் வெளியாலை நிக்கிறன். சிஸ்டர்மார் வந்திருக்கினம். அந்த மனிசிதான் கதவைத் திறந்து விட்டது. நல்ல மழை, அக்கா."

யோகராணிக்கு அழுகையும் கோபமும் ஒன்றாக வந்தன. "காய்ச்சலோடை மழைக்குள்ளை நிக்கிறியோ? உள்ளுக்குப் போடா."

மழைச் சத்தம் மட்டும் கேட்டது.

"உள்ளுக்கு மட்டும் போகச் சொல்லாதைங்கோ, அக்கா."