மேகலாவின் சொந்தப் பாட்டைக் கேட்கப் பினாங்குக்குப் போனேன்

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மலேசியாவின் ஈப்போவிலிருந்து பினாங்குத் தீவுக்குப் போய் வந்த கதை இது. பினாங்கு என்றால் எல்லாரும் கொடிமலை, கடற்கரை என்று கிளம்புவார்கள். நான் போனது என் தோழி மேகலா பாடுவதைக் கேட்க.

நாங்கள் இருவரும் பினாங்குக்கு எதிர்க்கரையான பட்டர்வொர்த்தில் ஒரே வகுப்பு. அவள் வீட்டு வானொலியில், அங்கிருந்த விமானத்தளத்து ஆஸ்திரேலியர்களின் நிலையம் நன்றாக எடுக்கும். அதில் வந்த அமெரிக்கக் கறுப்பினப் பாடகர்களின் சோல் பாட்டுகளைக் கேட்டுத்தான் அவள் பாடக் கற்றாள். நான் போனதற்கு மூன்று வருடங்களுக்கு முன் தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியில் முதல் பரிசும் வாங்கினாள். ஆனால் வாங்கியது சினிமாப் பாட்டுக்கு. அன்றிலிருந்து கல்யாண விருந்து, கோயில் திருவிழா, எங்கே கூப்பிட்டாலும் அதே சினிமாப் பாட்டுதான். சோல் பாணியில் அவளே தமிழில் எழுதி மெட்டமைத்த பாட்டுகள் ஒரு நோட்டுப் புத்தகத்தில் தூங்கின. அவளைவிட எனக்குத்தான் அதில் எரிச்சல்.

அந்த வாரம் தொலைபேசியில் அழைத்தாள்.

"ஞாயித்துக்கிழமை பினாங்குல கச்சேரி, வாடி. முதல் மூணும் என் பாட்டு. ஜேம்ஸ் அண்ணே ஒத்துக்கிட்டாரு. கூட்டம் கேட்டா கேசட் போடலாம்னாரு. கேக்கலன்னா சினிமாப் பாட்டே போதும், நோட்டை மூடி வச்சிடுன்னு சொல்லிட்டாருலா."

ஜேம்ஸ் அண்ணன் அவள் பாடும் இசைக்குழுவின் தலைவர். நல்ல மனிதர், ஆனால் தெரியாத பாட்டு என்றால் அவருக்குக் காய்ச்சல் வந்துவிடும்.

காலை ஏழரைக்கு ஈப்போவில் பஸ் ஏறினேன். கட்டணம் எட்டு வெள்ளி, அதாவது எட்டு ரிங்கிட், தூரம் ஏறக்குறைய நூற்று அறுபது கிலோமீட்டர். பத்தரைக்குப் பட்டர்வொர்த். பெர்ரிக்கு நாற்பது காசு, இருபது நிமிடம். மேல்தட்டில் நில்லுங்கள், காற்று நன்றாக வரும். பாசார் தெருப் பக்கம் மூன்றரை வெள்ளிக்கு, சோற்றின் மேல் பல குழம்புகளை ஊற்றித் தரும் நாசி கண்டார் சாப்பிட்டேன். குழம்பைக் கலந்து ஊற்றச் சொல்லாதவர்கள் வீட்டிலேயே சாப்பிட்டுவிட்டு வரலாம்.

அங்கிருந்து கச்சேரி மண்டபத்துக்கு இரண்டு கிலோமீட்டர். மூன்று சக்கர சைக்கிள் வண்டியான பேச்சாவில் போனேன், ஐந்து வெள்ளி. ஓட்டியவர் தமிழ் முஸ்லிம் பெரியவர். மேகலா கச்சேரிக்குப் போகிறேன் என்றேன்.

"டிவில ஜெயிச்ச புள்ளையா? நல்லாப் பாடும்லா. என்ன பாட்டு பாடப் போவுது?"

"சொந்தப் பாட்டு, அண்ணே."

"சொந்தப் பாட்டா? அது யாருக்குத் தெரியும்?"

எனக்கும் அதே பயம்தான். நம் மேடைக் கச்சேரிகளில் ஒரு வழக்கம் உண்டு. வேண்டிய பாட்டின் பெயரையும் கேட்பவர் பெயரையும் துண்டுச் சீட்டில் எழுதி மேடைக்கு அனுப்புவார்கள். அதை ஒலிபெருக்கியில் வாசித்துவிட்டுத்தான் பாடுவார்கள். பெயரே தெரியாத பாட்டை எவர் எழுதிக் கேட்பார்?

இரண்டு மணிக்கு நிகழ்ச்சி தொடங்கியது. முதல் பாட்டு முடிந்தபோது பத்துப் பேர் கை தட்டியிருந்தால் அதிகம். இரண்டாவது பாட்டுக்குள் சீட்டுகள் வரத் தொடங்கிவிட்டன. எல்லாம் சினிமாப் பாட்டு. ஜேம்ஸ் அண்ணன் அந்தச் சீட்டுகளை மேகலாவுக்குத் தெரிகிற மாதிரி கீபோர்டின் மேல் வைத்தார். அந்த மனிதர்மேல் எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி மாளாது. மேகலா தண்ணீர் குடித்துவிட்டு மூன்றாவதைத் தொடங்கினாள்.

அது தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகும் பெண்களைப் பற்றிய பாட்டு. விடியுமுன் வரும் கம்பெனி பஸ், அரைத் தூக்கம், மடியில் சோற்று டப்பா. ஒவ்வொரு அடிக்கும் பின்னால் அவள் "ஏறியாச்சா?" என்று கேட்க, குழுவினர் "ஏறியாச்சு" என்று திருப்பிப் பாட வேண்டும். சினிமாப் பாட்டிலேயே ஊறிய அந்த ஆண்பிள்ளைகள் இடத்தைக் கோட்டை விட்டார்கள். "ஏறியாச்சா?" என்று அவள் கேட்டாள், மேடையில் ஒருவரும் வாய் திறக்கவில்லை.

எனக்கு முன் வரிசையில், பட்டர்வொர்த் பக்கத்து மாக் மண்டின் தொழிற்சாலைப் பெண்கள் எட்டுப் பேர் இருந்தார்கள். வாசலில் என்னோடு பேசியவர்கள். அவர்களில் ஒருத்தி உட்கார்ந்தபடியே, "ஏறியாச்சு" என்றாள். அடுத்த அடிக்கு எட்டுப் பேரும் சொன்னார்கள். அதற்கடுத்த அடிக்குப் பின் வரிசைகளும் சேர்ந்துகொண்டன. மேகலா பாட்டை முடிக்காமல் நீட்டினாள். கேட்டுக் கேட்டு, குரலை ஏற்றி ஏற்றிப் பாடினாள். போட்டியில் ஜெயித்த அன்றுகூட அவள் அப்படிப் பாடியதில்லை. நான் அழுதேன், வெட்கமில்லை.

கைதட்டல் ஓயுமுன் ஒரு சீட்டு மேடைக்குப் போனது. வழக்கப்படி ஜேம்ஸ் அண்ணன் வாசித்தார்.

"பாட்டுப் பேரு தெரியல. அந்தக் கம்பெனி பஸ் பாட்டு, இன்னொரு தடவை. கேட்பது மாக் மண்டின் கம்பெனி மூணாம் லைன் பொண்ணுங்க."

தொடர்ந்து இன்னும் நான்கு சீட்டுகள். எல்லாவற்றிலும் அதே பாட்டு. அவர் பழைய சீட்டுகளை எடுத்துச் சட்டைப் பையில் திணித்துவிட்டு, மைக்கை அணைக்க மறந்து அவளிடம் சொன்னார்: "கேசட் போட்டுருவோம் புள்ள. முதல் பாட்டு இதுதான்."

கேசட் வந்தது. பிறகு கச்சேரிகளில் சினிமாப் பாட்டு மட்டும் என்பது போய், அவள் பாட்டுகளுக்கு இடையில் ஒன்றிரண்டு சினிமாப் பாட்டு என்றானது.

போகிறவர்களுக்கு: மண்டபத்தில் மின்விசிறிக்குக் கீழே இடம் பிடியுங்கள். திரும்பும்போது பெர்ரிக்குக் காசு கிடையாது. ஈப்போ பஸ்ஸுக்குத் திரும்பும் டிக்கெட்டை மட்டும் முன்கூட்டியே வாங்கிவிடாதீர்கள். நான் ஐந்தரை மணி பஸ்ஸுக்கு வாங்கி வைத்திருந்தேன். அந்த நேரத்தில் மண்டபத்தில் நின்றுகொண்டு, அதே பாட்டை அவள் நான்காவது தடவையாகப் பாட, "ஏறியாச்சு" என்று கத்திக்கொண்டிருந்தேன்.