அத்தையின் முப்பத்தொரு பிழைகள்

என் அத்தை இப்போது ஜில்லா பரிஷத் உறுப்பினர். மாதம் ஒருமுறை போர்ட் பிளேயருக்குப் போய், அதிகாரிகளுக்கு எதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்து பேசிவிட்டு வருகிறாள். அதற்கு முன் இரண்டு தடவை எங்கள் ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவியாக இருந்தாள். தீவில் அதைப் பிரதான் என்போம். அதற்கும் முன் ரங்கத் கடைவீதியில் சாக்கை விரித்துக் கீரையும் பாகற்காயும் விற்றாள். அவள் முதன்முதலில் பிரதான் தேர்தலுக்கு நின்றபோது எனக்குப் பத்து வயது. அந்தத் தேர்தலில் அவளைத் தோற்கடிக்க என்னால் முடிந்ததையெல்லாம் நான் செய்தேன். ஜெயிக்க வைக்கிறேன் என்று நினைத்துக்கொண்டுதான் செய்தேன் என்பதால் யாரும் அதைக் குற்றமாக எடுத்துக்கொள்ளவில்லை.

எங்கள் ஊர் ரங்கத்திலிருந்து பஸ்ஸில் அரை மணி நேரம். வங்காளிகள், தெலுங்கர்கள், மலையாளிகள், ராஞ்சிக்காரர்கள், அவர்களோடு சிவகங்கைப் பக்கத்திலிருந்து கப்பலேறி வந்த எங்களைப் போன்ற சில தமிழ்க் குடும்பங்கள். வீட்டுக்குள் அவரவர் பாஷை. வாசலைத் தாண்டினால் எல்லோருக்கும் இந்தி. அத்தை அதைச் சந்தையில் கற்றாள். இந்தியில் மேசைக்கும் நாற்காலிக்கும்கூட ஆண், பெண் உண்டு. அத்தைக்கு அந்தப் பாகுபாடெல்லாம் கிடையாது. எல்லாவற்றையும் ஆணாக்கிவிடுவாள். கறக்கிற பசுவும் ஆண், கல்யாணப் பெண்ணும் ஆண், அவளும் ஆண்.

நான் பள்ளியில் இந்திப் பாடத்தில் முதல். பேச்சுப் போட்டியில் எவர்சில்வர் டம்ளர் பரிசு வாங்கியவள். அதனால் அத்தையோடு பஸ்ஸில் போகவே எனக்குக் கூச்சமாக இருக்கும். அவள் கண்டக்டரிடம் ஏதாவது கேட்டால் நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன்.

அப்போதைய பிரதான் எனக்கு இந்தி கற்றுக்கொடுத்த சார். பிகார் பக்கத்துக்காரர். பள்ளியிலிருந்து ஓய்வு பெற்றுத் தேர்தலில் நின்று ஜெயித்திருந்தார். அவர் பேசினால் ரேடியோவில் செய்தி வாசிப்பதுபோல இருக்கும். நல்ல மனிதர். அந்தக் கோடையில் குழாயில் ஐந்து நாளைக்கு ஒருமுறைதான் தண்ணீர் வந்தது. அத்தை பெண்களைக் கூட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனாள். அவர் எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டு, மேலதிகாரிக்கு ஒரு கடிதம் எழுதி, அதை அவர்களுக்கு வாசித்தும் காட்டினார். அவ்வளவு அழகான கடிதம். தண்ணீர் வரவில்லை. அடுத்த மாதம் அதைவிட அழகாக இன்னொன்று எழுதினார். அந்தக் கடிதத்துக்கும் தண்ணீர் வராமல் போகவே, அத்தை தேர்தலுக்கு மனுப் போட்டுவிட்டாள்.

வீட்டில் யாருக்கும் அது பிடிக்கவில்லை. அப்பா அரசாங்க வேலையில் இருந்தவர். வம்பு வரும் என்று பயந்தார். அம்மா சிரித்தாள். கப்பலில் வேலை பார்த்த மாமா போன் செய்து, கீரைப் பாத்திக்கு யார் தண்ணீர் ஊற்றுவது என்று கேட்டார். தண்ணீர் இருந்தால்தானே ஊற்றுவதற்கு என்று அத்தை போனை வைத்துவிட்டாள்.

ஓட்டுப்பதிவுக்கு மூன்று நாள் முன்பு பள்ளி மைதானத்தில் ஒரு கூட்டம் ஏற்பாடாகியிருந்தது. சாரும் அத்தையும் ஒரே மேடையில் பேச வேண்டும். சாரின் இந்திக்கு முன்னால் அத்தையின் இந்தி நிற்குமா? குடும்ப மானத்தைக் காப்பாற்றும் பொறுப்பு என் தலையில் விழுந்ததாக நினைத்துக்கொண்டேன். பாடப் புத்தகத்திலிருந்த கட்டுரைகளிலிருந்தெல்லாம் எடுத்து, சுத்தமான இந்தியில் இரண்டு பக்கப் பேச்சு எழுதினேன். அத்தைக்கு இந்தி எழுத்து தெரியாததால் அதையே தமிழ் எழுத்தில் பெயர்த்துக் கொடுத்தேன். ஒரு வாரம் சாயங்காலமெல்லாம் அவள் பாகல் கொடியைப் பந்தலில் ஏற்றிக் கட்டிக்கொண்டிருக்க, நான் பின்னால் நின்று வரி வரியாகச் சொல்லிக்கொடுத்தேன். அவளும் ஒழுங்காகத்தான் திருப்பிச் சொன்னாள். ஒருநாள் மட்டும் நாரைக் கையில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டாள்.

"ஏ புள்ள, இதுல பானி எங்க வருது?"

"ஜல்னு வருது அத்தை. அதுதான் சுத்தமான வார்த்தை."

"ஜல்ங்கிறது கோயில்ல தெளிக்கிறது. குழாயில வர்றது பானி."

அது இலக்கிய வழக்கு என்று நான் விளக்கினேன். அத்தை சரி என்று தலையாட்டினாள்.

கூட்டத்தன்று மைதானம் நிரம்பிவிட்டது. முதலில் சார் பேசினார். ஒரு சொல் இடறவில்லை. எதிர்க்கட்சி என்பதையும் மறந்து நான் கைதட்டினேன். அம்மா என் கையைப் பிடித்து இறக்கினாள். பிறகு அத்தை எழுந்தாள். கல்யாணங்களுக்குக் கட்டும் பச்சைப் புடவை. கையில் என் காகிதம். முதல் வரியை என்னைப் போலவே வாசித்தாள். இரண்டாவது வரியையும் வாசித்தாள். என் நெஞ்சு நிறைந்தது. மூன்றாவது வரியில் அந்த ஜல் வந்தபோது, பின்னால் உட்கார்ந்திருந்த வங்காளிப் பெண் ஒருத்தி பக்கத்திலிருந்தவளிடம், "க்யா போல்தா ஹை?" என்று கேட்டாள். அத்தை என்னதான் சொல்கிறாள் என்று அவளுக்கு விளங்கவில்லை.

அது மேடைவரை கேட்டது. அத்தை நிறுத்தினாள். அந்தப் பெண்ணையும் காகிதத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். காகிதத்தை நான்காக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"ஹமாரா ஹிந்தி டூட்டா-பூட்டா ஹை," என்றாள். "ஹமாரா பானி பீ டூட்டா-பூட்டா ஆதா ஹை."

என் இந்தி உடைசல், நம் ஊர்த் தண்ணீரும் உடைந்து உடைந்துதான் வருகிறது என்று அர்த்தம். எனக்கு அர்த்தமெல்லாம் மண்டையில் ஏறவில்லை. இந்தி என்ற சொல்லே இந்தியில் பெண்பால். அதையும் ஆணாக்கிவிட்டாள். ஹமாரி, டூட்டி-பூட்டி என்று வந்திருக்க வேண்டும். முதல் வாக்கியத்திலேயே இரண்டு பிழை. பெஞ்சுக்கடியில் விரல்களை மடக்கி எண்ண ஆரம்பித்தேன்.

அதன்பிறகு அவளை நிறுத்த முடியவில்லை. மேட்டுக் குழாயில் யார் யார் விடியுமுன்னே குடம் வைக்கிறார்கள் என்று சொன்னாள். நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தி இரண்டு குடத்தோடு சரிவில் விழுந்ததைச் சொன்னாள். அந்தப் பெண்ணின் மாமியாரைப் பார்த்து நாலு வார்த்தை தெலுங்கிலேயே பேசினாள். ராஞ்சிக்காரர்கள் ஓடைக்கு மேலே கண்டுபிடித்த ஊற்று கோடையிலும் வற்றவில்லை, அதற்குக் குறுக்கே ஒரு தடுப்புக் கட்டி, கீழே ஒரு தொட்டி வைத்தால் போதும் என்றாள். கடைசியாக, தான் பிரதான் ஆனால் யாருக்கும் கடிதம் போடப்போவதில்லை, தனக்கு எழுதவே வராது, ஆபீஸ் வாசலில் நேரே போய் உட்கார்ந்துகொள்ளப்போவதாகச் சொன்னாள்.

அவ்வளவுதான். வங்காளிப் பெண்கள் கல்யாண வீட்டில்போலக் குலவையிட்டார்கள். ராஞ்சிக்காரர்கள் எழுந்தே நின்றுவிட்டார்கள். நான் முழங்காலுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். முப்பத்தொரு பிழைகள். வீட்டுக்கு வரும் வழியில் அத்தை என் தோளில் கைபோட்டு, "உன் பேச்சு நல்லாத்தான் இருந்துச்சு, எனக்குத்தான் வாயில நிக்கல," என்றாள். ஓட்டுப் போடும் நாள்வரை நான் அவளோடு சரியாகப் பேசவில்லை.

வாக்குகளை ரங்கத்தில் எண்ணினார்கள். அத்தையின் சின்னம் குடை. குடைக் கட்டுகள் மேசைமேல் உயர்ந்துகொண்டே போனதாக அப்பா பின்னாளில் நூறு தடவையாவது சொல்லியிருப்பார். அவர் பயந்ததே யாருக்கும் நினைவில்லை. சாயங்காலம் ஒரு பிக்கப் வண்டியில் அத்தையை ஏற்றி ஊருக்குக் கொண்டுவந்தார்கள். முன்னால் 'மாந்தர்' என்கிற தங்கள் மேளத்தோடு ராஞ்சிக்காரர்கள், பின்னால் குலவை, நடுவில் கழுத்து மறைய சாமந்தி மாலையோடு அத்தை. பஸ்ஸில் வந்தவர்கள்கூட இறங்கி ஆடினார்கள். அம்மா ஆடியதை அன்றுதான் முதலும் கடைசியுமாகப் பார்த்தேன். அத்தை என்னைத் தூக்கி வண்டியில் தன் பக்கத்தில் நிறுத்திக்கொண்டாள். பிழைகளையெல்லாம் மறந்து நானும் தொண்டை கிழியக் கத்தினேன். சொன்னபடியே அவள் ஆபீஸ் வாசலில் போய் உட்கார்ந்ததும், அடுத்த கோடைக்குள் ஊற்றில் தடுப்பும் கீழே தொட்டியும் வந்ததும் ஊரே அறிந்த கதை.

வண்டி சார் வீட்டைத் தாண்டும்போது அவரே வாசலுக்கு வந்து அத்தையைக் கைகூப்பி வாழ்த்தினார். அத்தை கீழே இறங்கி அவர் காலைத் தொட்டாள். ஜனங்கள் அவளைச் சூழ்ந்துகொண்டபோது நான் சாரின் பக்கத்தில் போய் நின்றேன். அவரைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஆறுதலாக ஏதாவது சொல்ல வேண்டும் என்று, அத்தையின் பேச்சில் முப்பத்தொரு பிழைகள் சார், நான் எண்ணினேன் என்று அவர் மெச்சும் இந்தியில் சொன்னேன்.

சார் வாய்விட்டுச் சிரித்தார்.

"நானும்தான் எண்ணினேன்," என்றார். "பத்தோ பன்னிரண்டோ வந்தது. அதற்குமேல் எண்ண மறந்துபோய்விட்டது."

அந்த ஊரில் அத்தையின் பிழைகளைக் கண்டுபிடிக்கத் தெரிந்தவர்கள் நாங்கள் இரண்டே பேர். அதிலும் ஒருவருக்கு வயதாகிவிட்டது என்று எனக்கு வருத்தமாக இருந்தது.