இரண்டாம் மாடியில் ஒரு சாட்சி

தெருவுக்கே அவர் சிஸ்டர். முப்பத்திரண்டு ஆண்டுகள் வார்டு வார்டாக நடந்து, முழங்கால் இரண்டையும் மருத்துவமனைக்கே தாரைவார்த்துவிட்டு ஓய்வு பெற்ற நர்ஸ். வீடு சொந்தம்தான். ஆனால் அவர் இருந்தது மாடியில், இருபத்தொரு படி. கீழ்வீட்டில் தையல்கார மாஸ்டர் கடையும் குடித்தனமுமாக வாடகைக்கு இருந்தார். “கால் முடியல, கீழ்வீடு எனக்கு வேணும்” என்று சிஸ்டர் கேட்டார். மாஸ்டர் மசியவில்லை. வழக்காகிவிட்டது.

எட்டு வருடம் வாய்தா மேல் வாய்தா. நீதிமன்றம் இருந்ததோ இரண்டாம் மாடியில். வாதியும் பிரதிவாதியும் ஒரே பேருந்தில் போய், அடுத்த தேதியை வாங்கிக்கொண்டு, அதே பேருந்தில் திரும்புவார்கள்.

பொறுத்துப் பார்த்த சிஸ்டர், வயதைச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டார். மூன்று மாதத்துக்குள் வழக்கை முடிக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது.

“அவ்வளவு தூரம் போயிருக்கீங்க, எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலியேக்கா?” என்றார் மாஸ்டர்.

“சொன்னா அதுக்கும் வாய்தா கேப்பே.”

விசாரணை நாளன்று மாஸ்டரின் வக்கீல் பழக்கதோஷத்தில் எழுந்தார். “ஒரு வாய்தா...”

நீதிபதி உத்தரவை எடுத்துக் காட்டினார். “அதெல்லாம் முடிஞ்சுது. குறுக்கு விசாரணைய ஆரம்பிங்க.”

வக்கீல் சமாளித்துக்கொண்டு கூண்டிலிருந்த சிஸ்டர் பக்கம் திரும்பினார். “படி ஏற முடியலங்கறீங்க. எட்டு வருஷமா ஒரு வாய்தா விடாம இந்த ரெண்டு மாடி ஏறி வந்திருக்கீங்களே, எப்படி?”

சிஸ்டருக்குக் கீழ்வீடு கைநழுவிப் போய்விடும்போல இருந்தது. பொய் சொல்லவும் வரவில்லை.

“நானா எங்க ஏறினேன்? மாஸ்டர்தான் கையைப் பிடிச்சு ஏத்திவிடுவார்.”

“எந்த மாஸ்டர்?” என்றார் நீதிபதி.

“இதோ, இவர்தான். நான் கேஸ் போட்டிருக்கிற ஆள்.”

அறை சிரித்தது. நீதிபதி மாஸ்டரைப் பார்த்தார். “உண்மையா?”

மாஸ்டர் எழுந்து, கழுத்தில் தொங்கிய அளவு நாடாவை அவசரமாகச் சுருட்டினார். “ஆமாங்கய்யா. நாலு படிக்கு ஒருதரம் நின்னுடுவாங்க. பாவம், எப்படி விட்டுட்டு வர்றது?”

வக்கீல் நெற்றியைத் தடவிக்கொண்டு உட்கார்ந்தார்.

கெடு முடிய இரண்டு வாரம் இருக்கும்போதே தீர்ப்பு வந்தது: அறுபது நாளில் காலி செய்ய வேண்டும். மேல்முறையீடு செய்யலாம் என்றார் வக்கீல்.

“வேணாம் சார். என் வாயாலயே சொல்லியாச்சு. இனி அவங்கள ஏறச் சொல்ல மனசு வராது” என்றார் மாஸ்டர்.

மாஸ்டருக்கு அடுத்த தெருவில் முனைக்கடை அமைந்தது. முன்பைவிட வெளிச்சம். சிஸ்டர் கீழே குடிவந்தார். முதல் நாள் காலையில் மட்டும் நான்கு முறை தெருவுக்குப் போய்வந்தார். ஒருமுறை செய்தித்தாளுக்கு, ஒருமுறை தபால் வந்திருக்கிறதா என்று பார்க்க. மற்ற இரண்டு முறையும் சும்மா.