கற்பூரம் ஏற்றக் கூடாத சிலை

என் மகள் கற்பனையில் கட்டிய ஊர் ஒன்று இருக்கிறது. பள்ளிக்கூடத்து நாளிலிருந்தே நோட்டு நோட்டாக வரைந்து கட்டிய ஊர். அதற்கு அவள் வைத்த பெயர் இன்றுவரை என் வாயில் நுழையவில்லை. அங்கே வானத்தில் இரண்டு நிலா. ஆறு மேட்டைப் பார்த்து ஓடும், கப்பல்கள் அதில் ஏறிப் போகும். கப்பல் துறைக்குப் போகிற வழியில், ஊர் நடுவில், ஒரு பெண் சிலை. அந்த உலகத்தில் அவளைத் தெரியாதவர்களே கிடையாதாம். வலது கையை முன்னால் நீட்டி உள்ளங்கையை விரித்து நிற்பாள். தூரதேசம் போகிறவர்களும் வழியனுப்ப வந்தவர்களும் அந்தக் கையில் ஒருமுறை தங்கள் கையை வைப்பார்கள். மனதில் இருக்கிற பயத்தை அங்கேயே விட்டுவிட்டுப் போவார்கள்.

"கையேந்தி நிக்கற மாதிரி இருக்கேடி" என்றேன், முதல் படத்தைப் பார்த்துவிட்டு.

"அவ கேக்கலம்மா. வாங்கிக்கிறா."

"அப்ப சாமியா?"

"சாமி இல்லம்மா. சிலை. ஊர்ல எல்லாருக்கும் தெரிஞ்ச சிலை, அவ்ளோதான்."

சாமி இல்லாத சிலையிடம் போய் யாராவது பயத்தைச் சொல்வார்களா என்று எனக்குப் புரியவில்லை. மேற்கொண்டு கேட்டால் திட்டுவாள் என்று விட்டுவிட்டேன்.

அந்தச் சிலையைத்தான் அவள் நிஜமாகவே செய்தாள். சென்னையில் ஒரு கலைக் கல்லூரியில் சிற்பம் படிக்க வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றாள். தேர்வுக்குச் சொந்தமாக ஒரு சிலை செய்து எடுத்துப் போக வேண்டும். எங்கள் வீடு செங்கம் ரோட்டில், ஆசிரமத்துக்குக் கொஞ்சம் தள்ளி. மாடி அறைகளை வெளியூர்க்காரர்களுக்கு வாடகைக்கு விடுகிறோம். சிலையை பைபரில் செய்தாள். அந்த வேலையின் நாற்றம் தாங்காமல் அவர்கள் மூக்கைச் சுளித்ததால், வாசலை ஒட்டிய இடத்தில் தகரம் போட்டுக்கொண்டு வேலை செய்தாள். ஆள் உயரத்துக்கு மேல் எழுந்தது சிலை. காலங்காலமாகப் பலர் தொட்டுத் தொட்டுத் தேய்ந்ததுபோல் இருக்க வேண்டுமாம், அந்த உள்ளங்கையை மட்டும் உப்புத்தாள் வைத்துத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

நான் பிறவிப் பயந்தாங்கொள்ளி. அடுப்பை அணைத்தோமா என்று பஸ் ஸ்டாண்டு வரை போய்விட்டுத் திரும்பி வந்தவள். "இது தீப்பிடிக்குமாடி?" என்று கேட்டேன்.

"பிடிக்கும். பிடிச்சா நிக்காது" என்றாள், தலையைக்கூடத் தூக்காமல்.

கல்லூரியில் சொன்ன நாள் பௌர்ணமிக்கு மறுநாளாகப் போய்விட்டது. எங்கள் ரோடே கிரிவலப் பாதை. பௌர்ணமியன்று வண்டி எதுவும் உள்ளே வர முடியாது. மறுநாள் காலையில்தான் வேன் வரும். சிலையை வீட்டுக்குள் கொண்டுபோகலாம் என்றால் நீட்டிய கை கதவில் இடிக்கிறது. தகரத்தை வேறு பிரித்தாகிவிட்டது. ஆக, ஊரே சுற்றி வருகிற நாளில் அவள் வாசலில் நிற்கிறாள்.

மத்தியானமே ஆரம்பித்துவிட்டது. கீழ்பென்னாத்தூரிலிருந்து வந்த ஒரு பெண், குட்டைச் சுவருக்கு மேலாக எட்டி, சிலையின் கையில் ஒரு முழம் மல்லி வைத்தாள்.

"இது சாமி இல்லக்கா. என் பொண்ணு செஞ்ச பொம்மை" என்றேன்.

"அப்டி சொல்லாதீங்கம்மா. இருக்கட்டும்" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டு நடந்தாள்.

அடுத்து குங்குமம். அதற்கடுத்து விபூதி. நெற்றியில் பொட்டு வைக்க ஒருவர் சுவரேறப் பார்த்தார். எனக்கு இதெல்லாம் கவலை இல்லை. ஒவ்வொருவர் கையிலும் இருந்த கற்பூரப் பாக்கெட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். கண்ணில் படாமல் மறைத்துவிட்டால் போதும் என்று, என் பழைய அரக்குச் சேலையை எடுத்து வந்து தலையிலிருந்து கால்வரை போர்த்தி, கயிறு கட்டினேன். பெரிய புத்திசாலித்தனம் செய்துவிட்ட நினைப்பில் உள்ளே போய்த் தண்ணீர் குடித்தேன்.

திரும்பி வந்தபோது வாசலில் ஒரு கூட்டம் உட்கார்ந்திருந்தது. சும்மா போனவர்களையும் கூப்பிட்டு உட்கார வைத்துக்கொண்டிருந்தார்கள்.

"திரை போட்டுக்கிறாங்க. அலங்காரம் நடக்குது. தீபாராதனைக்குத் தொறப்பாங்க" என்று ஒருவர் மற்றவருக்கு விளக்கினார்.

என் வீட்டுக்காரர் சிரித்தார். "கோயில்ல திரை போட்டா நாம எழுந்து போயிடுவோமா? உக்காந்து பாத்துட்டுத்தானே வருவோம். உனக்கே இது தெரியாதா?"

தெரியும். பிறந்ததிலிருந்து தெரியும். அந்த நேரத்தில் மறந்து தொலைத்துவிட்டேன். அவர் சிரித்தது எரிச்சலாக வந்தது, ஆனால் பதில் சொல்ல நேரமில்லை. பொழுது சாய்ந்துகொண்டிருந்தது, மலைப்பக்கமிருந்து காற்றும் கிளம்பிவிட்டது. முன்வரிசையில் ஓர் அம்மா சுவரின்மேல் கற்பூரத்தை வைத்து ஏற்றிவிட்டார். சேலைத் தலைப்பு பறந்து அந்தச் சுடரைத் தொடப் போய்த் திரும்பியது. இன்னொரு தரம் போனது.

ஓடிப்போய்த் தலைப்பை இழுத்துப் பிடித்தேன். சேலையை அவிழ்க்க வேண்டும், கூட்டத்தையும் அனுப்ப வேண்டும். வேறு வழி தெரியவில்லை. சமையலறையிலிருந்து பெரிய எவர்சில்வர் தாம்பாளத்தை எடுத்து வந்தேன்.

"எல்லாரும் கற்பூரத்த இதுல போடுங்க. நானே காட்டறேன். வேற யாரும் ஏத்தாதீங்க" என்றேன். குரல் நடுங்கியது. பக்தி என்று நினைத்திருப்பார்கள்.

சேலையை உருவினேன். கேட்டுக்கு வெளியே, சிலைக்கு எட்டாத தூரத்தில் நின்று, தாம்பாளத்தைச் சுற்றினேன். அரோகரா என்றார்கள். என் கண் சுடரிலேயே இருந்தது. கை நீட்டியவர்களுக்கெல்லாம் விபூதி கொடுத்தேன்.

"அம்மன் பேரு இன்னாம்மா?" என்று ஒருவர் கேட்டார்.

"பேரு இல்ல. சாமியும் இல்ல" என்று பின்னாலிருந்து பதில் வந்தது. அதுவரை உள்ளே பெட்டி அடுக்கிக்கொண்டிருந்த என் மகள் வாசற்படியில் நின்றிருந்தாள், முகம் சிவந்து. கூட்டம் கலைந்ததும் என்மேல் பாய்ந்தாள். "என் ஊர்ல யாரும் அவளுக்கு விளக்குகூட ஏத்த மாட்டாங்கம்மா. நீயே பூசாரி ஆயிட்டியா?"

"எரிஞ்சிருந்தா என்னடி பண்ணியிருப்ப?" என்றேன். அழுகை வந்துவிட்டது. அவள் தாம்பாளத்தை வாங்கி வைத்தாள். அன்றிரவு முறை வைத்துக் காவல் இருந்தோம்.

காலையில் ஈரத்துணியால் குங்குமத்தைத் துடைத்தாள். எல்லாம் போனது, உள்ளங்கை ரேகைகளில் மட்டும் சிவப்பு தங்கிவிட்டது. எனக்குப் பகீரென்றது. அவள் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இருக்கட்டும்" என்றாள்.

வேன் வந்தது. சிலையைப் படுக்க வைத்துக் கட்டினார்கள். அவள் பெட்டியும் ஏறியது. தேர்வானால் அப்படியே விடுதியில் சேர்ந்துவிட வேண்டும். டிரைவரிடம் மெதுவாகப் போகச் சொன்னேன். திரும்பத் திரும்பச் சொன்னேன். சிலைக்காகச் சொல்கிறேன் என்று அவர் நினைத்திருப்பார்.

அவள் கயிற்று முடிச்சுகளைச் சரிபார்த்துக்கொண்டிருந்தாள். யாரும் பார்க்கவில்லை என்று நினைத்து, வேனின் பின்பக்கம் நீட்டிக்கொண்டிருந்த அந்த உள்ளங்கையில் என் கையை வைத்தேன். உப்புத்தாளில் தேய்த்த இடம் வழவழவென்று இருந்தது. என்னென்னவோ வந்தது மனதில். ஒவ்வொன்றாக விட்டுக்கொண்டே இருந்தேன், தீர்வதாக இல்லை.

"சொல்லிட்டியாம்மா?" என்றாள் பக்கத்தில் வந்து.

"ம்."

"அப்ப கைய எடும்மா. வண்டி கெளம்பணும்."