சாக்கடையில் போன சுடுதண்ணி

தொண்ணூறுகளில் சோமனூர்ப் பக்கம் ஒரு சைசிங் மில்லில் என் அப்பாவும் சித்தப்பாவும் வேலை செய்தார்கள். பாவு நூலுக்குக் கஞ்சி போட்டு நீராவியில் காயவைக்கிற மில் அது. அப்பா பாய்லரைப் பார்த்துக்கொள்வார். சித்தப்பா அதற்கு விறகு தள்ளுவார்.

நீராவி எஞ்சினைத் திருத்தினவரைப் பற்றி நீங்கள் இப்போது பள்ளிக்கூடத்தில் படிக்கிறீர்களே, அதே பாடம் எனக்கும் இருந்தது. அவருக்கு முன்னாலும் எஞ்சின் உண்டு. ஆனால் ஒரே உருளையை மாற்றி மாற்றிச் சூடாக்கிக் குளிரவைத்ததில் கரி வீணாய்ப் போனது. அவர் ஆவியைக் குளிரவைக்கத் தனியாக ஒரு பாத்திரம் வைத்தார். கரி மிச்சமாயிற்று, ஆலைகள் பெருகின. பரீட்சைக்காக இதை நான் சத்தமாகப் படித்தபோது, சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பா கையை நிறுத்தினார்.

"அந்த எடத்தை இன்னொருக்கா படி கண்ணு."

மில்லில் நூலைக் காயவைத்த ஆவி சுடுதண்ணியாகிச் சாக்கடையில் போய்க்கொண்டிருந்தது. அக்கம்பக்கத்துப் பெண்கள் குடத்தில் பிடித்துப் போய்ப் பிள்ளைகளைக் குளிப்பாட்டுவார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்பா பழைய குழாய்களைப் பொருத்தி அந்தத் தண்ணியைப் பாய்லர் தொட்டிக்கே திருப்பினார். குழாயைத் தாங்கிப் பிடித்த சித்தப்பாவுக்குக் கையெல்லாம் கொப்புளம்.

"ஏனுங்கண்ணா, இனி என்ற முதுகுவலி பாதி கொறைஞ்சு போகுமுங்க" என்று சிரித்தார்.

ஏற்கெனவே சூடான தண்ணி என்பதால் விறகுச் செலவு குறைந்தது. பெண்கள் காலிக் குடத்தோடு திரும்பிப் போனார்கள். முதலாளி அப்பாவுக்கு ஒரு வேட்டி எடுத்துக் கொடுத்தார். அடுத்த வாரமே, இந்தக் கொஞ்ச விறகைப் பாய்லர்காரரே தள்ளிக்கொள்ளலாம் என்று சித்தப்பாவை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார். குழாயைக் கழற்றிவிடுகிறேன், தம்பியை வைத்துக்கொள்ளுங்கள் என்றுகூட அப்பா கேட்டுப் பார்த்தாராம். முதலாளிக்குச் சிரிப்பு வந்ததாம்.

ஈரோட்டு மஞ்சள் மண்டியில் மூட்டை தூக்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் போகச் சித்தப்பா வந்தார். அப்பா உள்ளேயே இருந்துகொண்டார். நான்தான் பாடப் புத்தகத்தோடு வாசலுக்கு ஓடி, நான் படித்ததைக் கேட்டுத்தான் அப்பாவுக்கு அந்த யோசனையே வந்தது என்று பெருமையடித்தேன். சித்தப்பா புத்தகத்தை வாங்கி எஞ்சின் படத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். எழுத்துக் கூட்டித்தான் அவருக்குப் படிக்க வரும்.

"கரி தள்ளுனவங்க அப்புறம் என்ன ஆனாங்கன்னு இதுல போட்டிருக்குதா சாமி?"

இரண்டு பக்கத்தையும் வரி விடாமல் தேடினேன்.

"இல்லீங்க சித்தப்பா. அது பரீட்சைக்கு வராதுங்க."

என் தலையைத் தடவிவிட்டுப் பஸ்ஸுக்கு நடந்தார். பாடத்தில் ஏதோ சந்தேகம் கேட்டார், நான் சரியாகப் பதில் சொல்லிவிட்டேன் என்றே அன்றைக்கு நினைத்துக்கொண்டேன்.